உலக வரலாற்றின் சாட்சிகள்

உலகம் முழுவதற்குமாக ஒரே வரலாற்றை எழுதிவிட வேண்டும் என்ற ஆசை மிகப் பழையது. ரோமில் பிணைக்கைதியாக இருந்த கிரேக்கர் பொலிபியஸ், மத்தியதரைக் கடல் நாடுகள் ஒரே ஆட்சியின் கீழ் வந்த கதையை 40 நூல்களில் எழுதினார். முதல் ஐந்துதான் முழுமையாகக் கிடைத்துள்ளன. சீனத்தில் சிமா சியான் தாம் அறிந்த உலகத்தை 130 அத்தியாயங்களில் அடக்கினார். பாக்தாத்தில் அத்தபரி, படைப்பில் தொடங்கித் தம் காலம் வரை தொகுத்தார். மூன்றும் மாபெரும் நூல்கள். ஆனால் மூன்றிலும் உலகம் என்பது எழுதியவரின் நாகரிகம்தான். மற்றவர்கள் அதன் ஓரங்களில் வந்து போகிறார்கள். அந்த மற்றவர்களிடமே அவர்களுடைய கதையைக் கேட்டு எழுதிய பெருமுயற்சி 14ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் தப்ரீஸ் நகரில் நடந்தது. உலக வரலாற்று நூல் எதைக் கையில் எடுத்தாலும் நான் முதலில் பார்ப்பது இதைத்தான்: ஆசிரியர் யாரைக் கேட்டார்?

தப்ரீஸில் அந்தப் பணியை நடத்தியவர் ரஷீதுத்தீன். ஹமதானில் யூதக் குடும்பத்தில் பிறந்து இஸ்லாத்தைத் தழுவியவர், மருத்துவர், ஈரானை ஆண்ட மங்கோலியரின் அமைச்சர். மங்கோலியரின் வரலாற்றை எழுதும்படி அவரைப் பணித்தவர் அவர்களின் ஆட்சியாளர் கசான் கான். 1304இல் கசான் இறந்ததும், அவர் தம்பி ஓல்ஜைத்து எல்லா மக்களின் வரலாற்றையும் சேர்க்கச் சொன்னார். ‘ஜாமிஉத் தவாரீக்’ என்ற நூல் அப்படித்தான் வளர்ந்தது. மங்கோலியர் பற்றிய செய்திகளைக் குப்ளாய் கானின் அவையிலிருந்து வந்த போலாத் சொன்னார். இந்தியாவைப் பற்றியும் புத்தரைப் பற்றியும் சொன்னவர் கமலஸ்ரீ என்ற காஷ்மீரத்துப் பிக்கு. ஐரோப்பியர் பகுதிக்கு, போப்பாண்டவர்களையும் பேரரசர்களையும் வரிசைப்படுத்தும் ஒரு லத்தீன் நூல் கைகொடுத்தது.

1314-15இல் எழுதப்பட்ட அரபுப் பிரதியின் ஒரு பகுதி இன்று எடின்பரோ பல்கலைக்கழகத்தில் இருக்கிறது. இன்னொரு பகுதி லண்டன் சேகரிப்பொன்றில். தீர்க்கதரிசிகளின் கதைகளுக்கு வரைந்த ஓவியங்களில் சீன பாணி மலைகளும் மரங்களும் நிற்கின்றன. சில ஏடுகள் தள்ளி, அரபு எழுத்தில் புத்தரின் வாழ்க்கை. ஆண்டுதோறும் அரபியில் ஒன்றும் பாரசீகத்தில் ஒன்றுமாகப் பிரதியெடுத்து வெளியூர்களுக்கு அனுப்ப ரஷீதுத்தீன் அறக்கட்டளையே வைத்திருந்தார். 1318இல், சுல்தான் ஓல்ஜைத்துவுக்கு நஞ்சூட்டியதாகப் பழி சுமத்தி அவரைக் கொன்றார்கள். அவர் எழுப்பிய அறிஞர் குடியிருப்பு சூறையாடப்பட்டது.

இந்த நூலைக் கொண்டாடும்போதே இன்னொன்றையும் சொல்லியாக வேண்டும். போலாத்தும் கமலஸ்ரீயும் ஓரிடத்தில் கூடியதற்குக் காரணம் மங்கோலியப் படையெடுப்பு. அதே படைதான் 1258இல் பாக்தாத்தை அழித்தது. நூலைத் தொடங்கிவைத்த கசான், 1295இல் இஸ்லாத்தைத் தழுவியவுடன் ஈரானிலிருந்த பௌத்தக் கோயில்களை இடிக்க ஆணையிட்டவர். கோயில்கள் இடிபட்ட நாட்டில் உட்கார்ந்து ஒரு பிக்கு புத்தரின் கதையைச் சொல்லியிருக்கிறார். சாட்சி கிடைப்பதும் சாட்சிக்குச் சமமான இடம் கிடைப்பதும் ஒன்றல்ல.

பின்வந்த ஐரோப்பிய நூல்களில் பல, அளவில் பெரியவை, கேள்வியில் சிறியவை. 1736 முதல் லண்டனில் வெளிவந்த ‘உலகளாவிய வரலாறு’ பல பத்துத் தொகுதிகளாக நீண்டது. ஆனால் நாடுகள் பக்கத்தில் பக்கத்தில் கிடந்தன, அவ்வளவே. தத்துவஞானி ஹெகல் ஆப்பிரிக்காவை வரலாற்றுக்கு வெளியிலேயே நிறுத்திவிட்டார். வரலாற்றாசிரியர் டாயின்பி 1934 முதல் 1961 வரை 12 தொகுதிகளில் நாகரிகங்களின் எழுச்சியையும் வீழ்ச்சியையும் எழுதினார். அவர் கண்ட ஒழுங்கு உண்மைகளைவிட முந்திக்கொண்டு ஓடியது. சிறையிலிருந்து மகளுக்கு நேரு எழுதிய 196 கடிதங்கள் 1934இல் நூலாயின. அவர் பெரும்பாலும் பிறர் நூல்களை நம்பியே எழுதினார் என்றாலும், ஆசியாவை நடுவில் வைத்துப் பார்த்த துணிவுக்காக அவை இன்னும் படிக்கத் தக்கவை.

துறை உண்மையில் திசை மாறியது சிகாகோ பல்கலைக்கழகத்தில். அங்கிருந்து வில்லியம் மக்நீல் 1963இல் ‘மேற்கின் எழுச்சி’யை வெளியிட்டார். நாகரிகங்கள் தனித்தனியே வளரவில்லை, ஒன்றிடமிருந்து ஒன்று கற்றே வளர்ந்தன என்பது அவர் வாதம். அதே பல்கலைக்கழகத்தின் மார்ஷல் ஹாட்ஜ்சன் இன்னும் கடுமையாகக் கேட்டார்: ஐரோப்பாவை ஊதிப் பெரிதாக்கிக் காட்டும் மெர்கேட்டர் வரைபடத்தைச் சுவரில் மாட்டிக்கொண்டு எந்த உலகத்தைப் படிக்கிறோம்? 1968இல், நாற்பத்தாறு வயதில், அவர் இறந்துபோனார். இஸ்லாமிய நாகரிகம் பற்றிய அவருடைய மூன்று தொகுதிகள் 1974இல்தான் அச்சேறின. மக்நீலோ கால் நூற்றாண்டு கழித்துத் தம் நூலைத் தாமே திறனாய்ந்து, கி.பி. 1000க்குப் பிந்தைய சீனத்தின் முதன்மையைத் தவறவிட்டதாக எழுதினார். இப்படிப்பட்ட நேர்மை இந்தத் துறைக்குக் கிடைத்தது பெரும் பேறு.

சீனத்தின் இடம் 2000இல் கென்னத் பொமரன்ஸின் ‘பெரும் பிரிவு’ நூலில் முழுமையாக வெளிப்பட்டது. சீனம் முழுவதையும் ஐரோப்பா முழுவதோடும் ஒப்பிடாமல், யாங்சி கழிமுகத்தை இங்கிலாந்தோடு வைத்துப் பார்த்தார். 18ஆம் நூற்றாண்டின் பிற்பகுதிவரை வாழ்க்கைத் தரத்தில் பெரிய வேறுபாடு இல்லை. பிறகு இங்கிலாந்தை முன்னே தள்ளியவை கைக்கெட்டிய நிலக்கரியும் அமெரிக்க நிலங்களும் என்றார்.

இந்த விவாதத்தில் தமிழகத்துக்கும் நேரான பங்கு உண்டு. 18ஆம் நூற்றாண்டுத் தென்னிந்திய நெசவாளரின் கூலி, அது வாங்கிய தானியத்தைக் கொண்டு கணக்கிட்டால், பிரிட்டிஷ் தொழிலாளியின் கூலிக்குக் குறைந்ததல்ல என்று பிரசன்னன் பார்த்தசாரதி 1998இல் வாதிட்டார். நெசவாளர் வாங்கிய முன்பணத்தைத் திருப்பிக் கொடுத்துவிட்டு ஒப்பந்தத்திலிருந்து விலகலாம். அந்த உரிமை வணிகருக்கு இல்லை. கிழக்கிந்தியக் கம்பெனியின் ஆட்சி வந்துதான் அந்தப் பேரம்பேசும் வலிமையை ஒடித்தது என்பது அவர் முடிவு. பொருளாதார வரலாற்றாளர்கள் பிராட்பெரியும் பிஷ்ணுப்ரியா குப்தாவும் 2006இல் இதை மறுத்தார்கள்: வெள்ளிக் கணக்கில் இந்தியக் கூலி கம்பெனி ஆட்சிக்கு முன்பே பின்தங்கிவிட்டது என்றார்கள்.

எனக்குப் பார்த்தசாரதியின் பக்கமே சாய்வு. ஆனால் விவாதம் இன்னும் தீரவில்லை, அதைத் தீர்ப்பதும் எளிதல்ல. கூலியைப் பணத்தில் எழுதினார்கள், நெல்லை அளந்து வாங்கினார்கள். அளவோ ஊருக்கு ஊர் வேறு. செங்கற்பட்டில் ஒரு மரக்கால் எவ்வளவு கொள்ளும், தஞ்சையில் எவ்வளவு என்று தெரியாமல் இங்கிலாந்தோடு ஒப்பிட வழியில்லை. கம்பெனிப் பதிவுகளை மட்டும் வைத்து அதைத் தெளிவாக்க முடியாது. ஓலைக் கணக்குகளையும் கோயில் கணக்குகளையும் சிக்கலின்றிப் படித்து, அந்தந்த ஊர் மரக்காலைப் படியாக மாற்றித் தரக்கூடியவர்கள் அதற்கு வேண்டும்.