பெலமான்ஸ் வீட்டுத் திருமணம்: ஒரு நாடகமும் அதன் தழுவல்களும்

1910ஆம் ஆண்டு மார்ச் 18ஆம் நாள் பெல்ஜியத்தின் தலைநகரான பிரஸ்ஸல்ஸில், ஒலிம்பியா அரங்கில், ‘பெலமான்ஸ் செல்வியின் திருமணம்’ என்னும் மூன்று அங்க நகைச்சுவை நாடகம் முதன்முதல் நடிக்கப்பெற்றது. ஃபிரான்ஸ் ஃபோன்சோன், ஃபெர்னான் விஷ்லேர் என்னும் இருவர் சேர்ந்து இயற்றியது அது. அவ்வாண்டு ஜூன் மாதத்திலேயே பாரிஸ் நகரம் அதனை வரவேற்றது. உள்ளூர்ப் பேச்சில் எழுதப்பட்ட நாடகம் ஊர் எல்லையைத் தாண்டாது என்பது நாடகக் கலைஞரிடையே நெடுநாள் நிலவிய எண்ணம். அவ்வெண்ணம் தவறு என்பதற்கு இந்நாடகம் நல்லதொரு சான்று.

கதை மிக எளியது. புதியது என்றும் சொல்ல இயலாது. பெலமான்ஸ் என்பவர் பிரஸ்ஸல்ஸில் பீர் வடிக்கும் தொழில் நடத்துபவர். தொழில் பழக ஆல்பேர் என்னும் இளைஞன் பாரிஸிலிருந்து அவரிடம் வந்து சேர்கிறான். அவருடைய மகள் சூசானுக்கோ, மெலமேஸ்டர் என்னும் மற்றொரு பீர் முதலாளியின் மகன் செராஃபினோடு திருமணம் நிச்சயமாகியிருக்கிறது. பெண் வீட்டார் தரும் சீதனமே அப்பேச்சின் அச்சாணி. செராஃபினுக்கு ஏழைப் பெண் ஒருத்தியோடு உறவுண்டு, குழந்தையும் உண்டு. இதனையறிந்த சூசான் திருமணத்தை முறித்துவிடுகிறாள். இதற்கிடையில் பீர் தொழில் செய்வோர் சங்கத்தின் கௌரவத் தலைவர் பதவிக்கு இரு தந்தையரும் போட்டியிடுகின்றனர். பெலமான்ஸ் வெற்றி பெறுவதற்கு மகளும் ஆல்பேரும் பாடுபடுகின்றனர். முடிவில் அவ்விருவரும் மணம் புரிகின்றனர். சங்கத் தேர்தல் பகுதி சற்று நீண்டுவிட்டது என்பது உண்மையே.

இத்தகைய கதை நூறாண்டு தாண்டியும் நிற்பதற்குக் காரணம் அதன் பேச்சு. பிரஸ்ஸல்ஸ் பிளெமிஷ் மொழி வழங்கும் நிலத்தின் நடுவே அமைந்த நகரம். ஆட்சியும் வணிகமும் பிரெஞ்சு மொழியைச் சார்ந்திருந்தமையால், பிளெமிஷ் பேசிய குடும்பங்கள் படிப்படியாகப் பிரெஞ்சுக்கு மாறின. சட்டங்களின் மொழி என்ற அளவில் டச்சுக்குப் பிரெஞ்சோடு சமநிலை கிடைத்ததே 1898இல்தான். அவ்வாறு மாறியவர் நாவில் வழங்கிய பிரெஞ்சில் பழைய மொழியின் எலும்பு அப்படியே இருந்தது. ஏவல் வாக்கியத்தின் இறுதியில் அவர்கள் ‘ஒருமுறை’ என்று சேர்ப்பர். அது எண்ணிக்கையன்று, ஏவலை மென்மையாக்கும் பிளெமிஷ் வழக்கின் நேர் பெயர்ப்பு. யாழ்ப்பாணத்தார் ‘ஒருக்கா வாங்கோ’ என்று சொல்வதை நினைத்தால் இதன் சுவை விளங்கும். ‘வர இயலாது’ என்னுமிடத்தில் ‘வரத் தெரியாது’ என்பதும் அவர்கள் வழக்கு. பாரிஸ் காதுக்கு இவையெல்லாம் பிழை. பிரஸ்ஸல்ஸ் வீட்டுக்கு இவையே மொழி.

மட்டமான நாடகாசிரியராயின் இப்பேச்சைப் பாரிஸ் இளைஞன் எள்ளி நகையாடுமாறு அமைத்திருப்பார். இந்நாடகத்திலோ நகை இரு திசையிலும் பாய்கிறது. பெலமான்ஸின் காதுக்கு விசித்திரமாகப் பேசுபவன் ஆல்பேரே. அவனுடைய திருத்தமான உச்சரிப்பு அவருக்குப் பகட்டாகப் படுகிறது, அவர் எரிச்சலடைகிறார். எது மையம், எது ஓரம் என்னும் கேள்வி இவ்வாறு ஒரு பீர் வணிகர் வீட்டிலேயே எழுந்துவிடுகிறது.

இதனினும் சிறந்த இடம் சூசான் செராஃபினிடம் உண்மையைக் கூறும் காட்சி. அவள் அவனைத் தூற்றுவதில்லை. குழந்தையைப் பற்றிப் பேசி, அதன் தாயிடமே திரும்பிச் செல்லுமாறு அவனைத் தூண்டுகிறாள். அப்போதும் அவள் பேசுவது அதே பிரஸ்ஸல்ஸ் பேச்சுத்தான். சிறிது நேரத்திற்கு முன் அவையை நகைக்க வைத்த அதே சொற்கள் இப்போது அவையை அமைதியாக்குகின்றன. நகைப்புக்கு மட்டுமே உரியது என்று ஒதுக்கப்பட்ட பேச்சு மனச்சான்றின் சுமையையும் தாங்கவல்லது என்பதை ஆசிரியர்கள் இங்கே நிறுவிவிடுகின்றனர். வேறு எவ்வளவு குறையிருந்தாலும் இக்காட்சிக்காக நாடகத்தை மன்னிக்கலாம்.

தழுவல்களை இந்த அளவுகோல் கொண்டே பார்க்க வேண்டும். 1910 டிசம்பரில் நியூயார்க்கில் ஹாடன் சேம்பர்ஸ் தழுவிய ‘சூசான்’ நடைபெற்றது. நாயகியாக நடித்தவர் பில்லி பர்க். தலைப்பிலிருந்து பெலமான்ஸ் என்னும் பெயர் போயிற்று. பெண்ணின் பெயர் மட்டும் எஞ்சிற்று. பிளெமிஷ் மண்ணின் மணம் வீசிய சொல் அந்தக் குடும்பப் பெயரே அன்றோ! 1912இல் லண்டனில் நடந்த தழுவலின் பெயர் ‘சிறிய லெவெலின் செல்வி’. இங்கே கதை வேல்ஸுக்குக் குடிபெயர்ந்தது. இது துணிவான செயல். அறிவுடைய செயலும் ஆகும். வேல்ஸ் மக்களின் ஆங்கிலத்துக்கு அடியிலும் வேறொரு மொழி உண்டு. தழுவியவர் சொல்லைப் பெயர்க்காமல் சொல்லின் நிலையைப் பெயர்த்தார்.

திரைப்படங்களில் முதலாவது ஜூலியன் துவிவியே 1927இல் எடுத்தது. அது ஊமைப்படம்! பேச்சே உயிரான நாடகத்தைப் பேச்சின்றிக் காட்டுதல் எத்தகைய சோதனை! பின்னர் 1932இல் ஜான் ஷூவும் 1950இல் அந்திரே செர்ஃபும் இதனைப் பேசும் படமாக்கினர். 1967இல் பெல்ஜியத் தொலைக்காட்சி கிறிஸ்தியான் லெனேன், ஜாக் லிப் ஆகியோரைக் கொண்டு இதனை ஒளிபரப்பியது.

எனினும் இந்நாடகத்திடம் மிகுதியாகக் கற்றவர் இதனைத் தழுவாத ஒருவர். அவர் மார்செல் பாஞ்ஞோல். ஓரூருக்கு மட்டும் உரிய படைப்பாயினும் அது உண்மையாக இருப்பின் எங்கும் செல்லும் என்பதைப் பெலமான்ஸ் நாடகத்தைக் கண்டபின் உணர்ந்ததாக அவரே எழுதியுள்ளார். மார்செய் துறைமுகத்து மக்களின் பேச்சில் அவர் இயற்றிய ‘மாரியுஸ்’ 1929இல் பாரிஸில் அரங்கேறியது. ரெய்மு அதில் தந்தையாக நடித்துப் பெரும் புகழ் பெற்றார். கதை வேறு, கடல் வேறு. ஆயினும் பிடிவாதமும் பாசமும் கலந்த அந்தத் தந்தையிடம் பெலமான்ஸின் சாயலைக் காணலாம்.

பிரஸ்ஸல்ஸில் அப்பழைய பேச்சுக்கே இன்று ‘பெலமான்ஸ்’ என்னும் பெயர் வழங்குகிறது. ஆனால் அதனை வீட்டில் பேசுவோர் அருகிவிட்டனர். முன்பு நடிகர் தெருவில் கேட்டதை மேடையில் பேசினார். இப்போது மேடைக்காகவே அதனைப் பயில வேண்டியுள்ளது. பயின்ற பேச்சு எளிதில் கேலிக்கூத்தாகிவிடும். நகைச்சுவைக் காட்சிகளில் அதனால் பெருந்தீங்கில்லை. செராஃபினின் குழந்தையைப் பற்றிச் சூசான் பேசும் இடத்தில்தான் நடிகைக்கு உண்மையான சோதனை காத்திருக்கிறது.