முப்பு: ஒரு மாத்திரை குறைந்த சொல்

சித்தர் பாடல்களைப் பயில்வோர் முப்பு என்னும் சொல்லில் ஒருமுறையேனும் இடறி நிற்பது இயல்பு. மூன்று உப்பு என்று பிரித்துப் பொருள் காண்பர். இதனை முடித்தவனுக்கு நரையில்லை, திரையில்லை. கீழான உலோகம் பொன்னாகும். உடல் கல்லைப்போல் நிலைக்கும் என்று அப்பாடல்கள் பேசுகின்றன. காலத்தை நிறுத்தும் ஒரு கனிமம்! ஐரோப்பிய இரசவாதிகள் தேடி அலைந்த ஞானக்கல்லும் இதற்கு உறவுதான். ஆயினும், மூப்பைப் போக்கும் பொருளுக்கு முப்பு என்று பெயர் அமைந்தது தமிழில் மட்டுமே கூடும் விந்தை. நெடிலுக்கு இரண்டு மாத்திரை, குறிலுக்கு ஒன்று. மாத்திரை என்பதோ கண்ணிமைக்கும் நேரம், கைந்நொடிக்கும் நேரம். மூப்பிலிருந்து ஓர் இமைப்பொழுதைக் களைந்தால் முப்பு. இந்த ஒலிநயம் சித்தர்களின் செவிக்கு எட்டாமல் போயிற்று என நம்ப எனக்கு மனமில்லை.

இதனை எழுதத் தூண்டியது இலக்கிய ஆர்வம் மட்டுமன்று. ஆவடியில் எங்கள் தெருவில் ஒரு பெரியவர் இருக்கிறார். தொழிற்சாலைப் பணியிலிருந்து ஓய்வு பெற்றவர், நீரிழிவு நோயாளி. சில ஆண்டுகளுக்கு முன், ஊர் ஊராய்ச் சென்று மருந்து விற்கும் ஒருவர், சித்தர் பாடலொன்றைப் படித்துக் காட்டி, முப்பு என்று சொல்லி ஒரு வெள்ளைப் பொடியைக் கொடுத்துச் சென்றார். பெரியவர் மாத்திரைகளை நிறுத்திவிட்டுப் பொடியைத் தேனில் குழைத்து உண்டார். நான்காம் மாதம் பாதத்தில் புண். இரண்டு விரல்களை எடுக்க நேர்ந்தது. மருத்துவமனைக் கட்டிலில் அவர் என்னைக் கேட்டது இதுதான்: “பாட்டுல பொய் எழுதுவாங்களா சார்?”

தமிழாசிரியனாக முப்பது ஆண்டுகள் கழித்தவனுக்கு உடனே விடை வரவில்லை. (பயின்ற சித்த மருத்துவர்களை இங்கே குறை கூறவில்லை, அவர்களுள் எவரும் மாத்திரையை நிறுத்தச் சொல்லியிருக்க மாட்டார்.)

பாடல்களை மீண்டும் எடுத்துப் படித்தேன். அகத்தியர், போகர் பெயர்களில் வழங்கும் இந்நூல்களின் மொழி பிற்காலத்தது. பழைய முனிவர்களின் பெயரைச் சூடிக்கொண்ட பலரின் குரல் அது. முப்பு எது என்பதில் அவை ஒன்றுபடுவதில்லை. உவர்நிலத்தில் பௌர்ணமி நாளில் பொங்கும் பூநீர் என்பர், கல்லுப்பு என்பர், அண்டக்கல் என்பர். உடலுக்குள்ளேயே மூச்சை அடக்கி விளைப்பது என்று கொள்வாரும் உண்டு. ஒரு பொருளுக்கு இத்தனை முகவரி இருந்தால், அது கடையில் வாங்கும் பொருளாக இராது என்று தேர்ந்த வாசகன் ஐயுறுவான். மறைபொருள் மொழி என்று அறிஞர் இதனைக் கூறுவது பொருத்தமே. செக்கோசுலோவாக்கிய நாட்டில் பிறந்த தமிழறிஞர் கமில் சுவெலபில் 1973-இல் சித்தர்களைப் பற்றி ஒரு நூலே எழுதினார். அத்தகைய உழைப்பு நம்மிடையே இன்னும் பெருக வேண்டும்.

ஆனால், கவிஞர்களை முற்றிலும் விடுவித்துவிடவும் முடியவில்லை. எடை சொல்கிறார்கள், எத்தனை வறட்டியில் புடமிட வேண்டும் என்று கணக்குச் சொல்கிறார்கள், பொய்யில்லை என்று ஆணையிடுகிறார்கள். குறியீடு சமையற்குறிப்பின் உடையணிந்து வந்தால், எளிய மனிதர் அதனைச் சமையற்குறிப்பாகவே படிப்பார். குரு இல்லாமல் தொடாதே என்ற எச்சரிக்கையும் கூடவே இருக்கிறது. பொடி விற்பவர் அந்த அடியைப் படித்துக் காட்டுவதில்லை. நம் கடைவீதிப் பதிப்புகளோ பெரும்பாலும் ஏட்டு வேறுபாடும் காட்டுவதில்லை, உரிய விளக்கமும் தருவதில்லை. பிழையில் பெரும்பங்கு பதிப்பித்தவர்களுடையது.

புதுமைப்பித்தன் இந்த வேட்கையை நன்கு அறிந்தவர். ‘கடவுளும் கந்தசாமிப் பிள்ளையும்’ கதையில் சித்த வைத்தியப் பத்திரிகை நடத்தும் பிள்ளை, காலத்துக்கு அப்பாற்பட்ட கடவுளிடமே ஆயுள் சந்தா வாங்கப் பார்க்கிறார். முப்பைப் பற்றி நூறு பக்கம் வாதிடுவதைக் காட்டிலும் அந்த ஒரு காட்சி கூர்மையானது.

காலத்தைத் தன்னுள் வைத்திருக்கும் கல் உண்மையில் உண்டா என்றால், உண்டு. எங்கள் மாவட்டத்திலேயே உண்டு. ஆவடியிலிருந்து திருவள்ளூர் வழியாகப் பூண்டிக்குச் சென்றால், அதற்கு அருகில் அத்திரம்பாக்கம். 1863-இல் இராபர்ட் புரூசு ஃபூட்டும் வில்லியம் கிங்கும் அங்கே கற்கோடரிகளைக் கண்டனர். பின்னர் சாந்தி பப்பு குழுவினர் அகழ்ந்து, அவற்றுள் பழமையானவை ஏறத்தாழ 15 இலட்சம் ஆண்டுகளுக்கு முந்தியவை என்று 2011-இல் வெளியிட்டனர். சான்று சொன்னது குவார்ட்சு என்னும் படிகம். கல் வெயிலில் கிடக்கும்போது விண்கதிர் பட்டு அதனுள் அணுக்கள் சில பிறக்கின்றன. மண் மூடியதும் பிறப்பு நிற்கிறது. இருந்தவை வெவ்வேறு வேகத்தில் தேய்கின்றன. தேய்வை அளந்தால் புதைந்த காலம் தெரியும். அபூர்வமான கல்லன்று, ஆற்று மணலில் காலில் மிதிபடுவது. எவருக்கும் ஒரு நாள் ஆயுளையும் அது கூட்டித் தராது.

பெரியவரை அங்கே அழைத்துச் செல்ல எண்ணினேன். கால் ஆறியதும் பூண்டி அருங்காட்சியகத்துக்குச் சென்றோம். கண்ணாடிப் பேழைக்குள் இருந்த கோடரியை வெகுநேரம் பார்த்தார். “இத செஞ்சவன் எத்தனை வயசு இருந்திருப்பான் சார்?” என்றார். திரும்பும்போது பேருந்தில், அந்தப் பாடலை முழுதாக ஒருமுறை படித்துக் காட்டச் சொன்னார். குரு பற்றிய அடியையும் சேர்த்துப் படித்தேன்.