ஓர் இல்லாளின் போர்க்கால நாட்குறிப்பு

இரண்டாம் உலகப்போரைப் பொருளாகக் கொண்டு ஆங்கிலத்தில் எழுந்த நூல்கள் எண்ணிறந்தன. தளபதிகளின் நினைவேடுகள், அமைச்சர்கள் எழுதிய வரலாறுகள், போர்வீரர்தம் அனுபவக் கதைகள் என அவை பலதிறப்படும். அவற்றினிடையே, படைக்கலம் ஒன்றையேனும் கையாற் தீண்டாத ஓர் இல்லாள் எழுதிய நாட்குறிப்புத் தனக்கென ஓரிடத்தைப் பெற்றுள்ளது. 'நெல்லா லாஸ்றின் போர்' என்னும் பெயருடன் 1981ஆம் ஆண்டிலே வெளிவந்த அந்நூல் இலக்கியமாமோ, அன்றி வரலாற்றாசிரியனுக்கு உதவும் சான்றேடு மாத்திரமோ என்னும் வினா எளிதில் விடுக்கத்தக்கதன்று.

நூலின் களம் பாரோ-இன்-பேர்ணெஸ் என்னும் நகரம். இங்கிலாந்தின் வடமேற்குக் கரையிலே, மோர்க்கம் விரிகுடாவினால் இலங்காசயர் மாவட்டத்தின் ஏனைய பகுதியினின்றும் பிரிந்து கிடக்கும் நிலத்துண்டில் அது அமைந்துள்ளது. (1974இல் நிகழ்ந்த எல்லை மாற்றத்தின் பின்னரே அந்நகரம் கம்பிரியாவுக்கு உரியதாயிற்று.) விக்கர்ஸ்-ஆம்ஸ்ற்ரோங் கப்பல்கட்டுந் தளமே ஊரின் உயிர்நாடி. ஒருபுறம் பாரந்தூக்கிகளும் புகையும் இருப்புப்பாதையும். சிறிது தொலைவு சென்றால் வேட்ஸ்வேத் பாடிய ஏரிநாடு. இவ்விரண்டிற்கும் இடைப்பட்ட வாழ்வே நூலின் வாழ்வு. பெற்றோல் கிடைத்த நாளிலே கொனிஸ்ரன் ஏரிக்கரைக்குச் சென்று ஆறுதல் பெறுவதும், மறுநாள் காலையிற் கடைவாயிலில் நிரையில் நிற்பதும் இந்நூலில் அடுத்தடுத்த பக்கங்களிலே வருவன.

1937ஆம் ஆண்டிலே தொம் ஹரிசன், சாள்ஸ் மட்ச், ஹம்பிரி ஜெனிங்ஸ் ஆகிய மூவர் 'மாஸ் ஒப்சவேஷன்' என்னும் மக்கள் அவதான நிறுவனத்தைத் தொடங்கினர். தூரதேசத்துப் பழங்குடிகளை மானிடவியலார் ஆராய்வது போலத் தம் நாட்டுச் சாதாரண மக்களைத் தாமே ஆராய்தல் அவர்தம் நோக்கம். 1939இற் போர் மூளும் தறுவாயில், நாள்தோறும் நிகழ்வனவற்றை எழுதி அனுப்புமாறு நிறுவனம் தன் தொண்டர்களை வேண்டிற்று. அவ்வேண்டுகோளை ஏற்றவருள் ஒருவர் லாஸ்ற் அம்மையார். தம்மைப் பற்றி அவர் தந்த குறிப்பு இரண்டே சொற்களிலடங்கும்: இல்லாள், வயது 49. கணவர் வில்லியம் தச்சுத் தொழிலும் கடைகளுக்குப் பொருத்துவேலையும் செய்பவர். மைந்தர் இருவர், மூத்தவன் ஆதர் வரித்திணைக்களத்தில் அலுவல் பார்த்தான், இளையவன் கிளிவ் படையிற் சேர்ந்தான்.

எவர்க்கும் காட்டாது பெட்டியுட் பூட்டி வைக்கும் நாட்குறிப்பன்று இது என்பது கருதத்தக்கது. ஒவ்வொரு வாரமும் எழுதியது அஞ்சலிற் சென்றது. பெறுநர் யாரெனத் தெரியாது, விமர்சனம் வருவதுமில்லை. முகமறியாத ஒருவரிடம் மனந்திறந்து பேசும் இந்நிலையே அம்மையாரின் நடையை ஆக்கிற்று எனலாம். கணவரிடமோ அயலவரிடமோ சொல்லக்கூடாதவற்றை அவர் இத்தாளிற் சொன்னார். ஆயினும் கேட்போர் ஒருவர் உளர் என்னும் உணர்வு இருந்தமையால், வெறும் புலம்பலாக அது சிதையவில்லை. காட்சியை நிறுத்திக் காட்டவும், உரையாடலை உள்ளவாறே எடுத்துரைக்கவும் அவர் முயன்றார்.

பெரும்போரைப் பற்றிய நூலெனக் கொண்டு இதனைத் திறப்போர்க்கு முதலில் எதிர்ப்படுவது அடுக்களையே. 1940 சனவரியில் வெண்ணெயும் சீனியும் பன்றியிறைச்சியும் பங்கீட்டுக்கு வந்தன. அவ்வாண்டு யூலையில் தேயிலைக்கும் அதுவே நேர்ந்தது. இலங்கையிலிருந்தும் இந்தியாவிலிருந்தும் ஆபத்து நிறைந்த கடல்வழியே சென்ற தேயிலையில் ஆளுக்கு வாரம் 2 அவுன்சே கிடைத்தது. 1941 யூன் முதல் உடைக்கும் கூப்பன் வேண்டியதாயிற்று. இவற்றையெல்லாம் அரசாங்க அறிக்கையிலும் காணலாம். அறிக்கையிற் காணமுடியாதது, எஞ்சியதைக் கொண்டு ஏற்றதோர் உணவை ஆக்கி மேசையில் வைக்கும் பெண்ணின் செருக்கு. அம்மையார் புற்றரையைக் கொத்திக் கோழி வளர்த்தார். துணித்துண்டுகளாற் பாவைகள் தைத்து மருத்துவமனைப் பிள்ளைகளுக்கு அனுப்பினார். இவற்றை அவர் விரித்துரைக்குமிடங்கள் சிலருக்குச் சலிப்பூட்டலாம். எனினும், தம் கைத்திறனைத் தவிர வேறெதனாலும் மதிக்கப்படாத ஒருத்தி, அத்திறனே நாட்டுக்குத் தேவையானதெனக் கண்டு நிமிர்வதை உணர்ந்தோர்க்கு அவை சலியா.

அந்நிமிர்வே நூலின் உயிர்நிலை. போருக்கு முன்னர் அம்மையார் நரம்புத்தளர்ச்சியால் வருந்தியவர். வெளியுலகை விரும்பாத கணவரின் மனநிலைக்கேற்பத் தம்மைச் சுருக்கிக் கொண்டு ஏறக்குறைய முப்பதாண்டு வாழ்ந்தவர். ரீடிங் சீமாட்டி 1938இல் நிறுவிய பெண்கள் தொண்டர் சேவையின் பாரோக் கிளையிற் சேர்ந்தபின் அவர் புத்துயிர் பெற்றார். தையல் வேலையில் தொடங்கி, நடமாடும் சிற்றுண்டிச்சாலையிற் பணியாற்றி, போர்க்கைதிகளுக்குப் பொதி அனுப்பப் பணந்திரட்டிய செஞ்சிலுவைக் கடையை நடத்துவது வரை அவர் முன்னேறினார். வீட்டிற் பேசாதிருந்தவர் கூட்டத்திற் பேசினார்; பிறரை நகைக்க வைத்தார். தம் பழைய வாழ்வு ஒருவகை அடிமை வாழ்வென்று எழுதுமளவிற்கு அவர் துணிந்தார். 1943இல் எழுதிய ஒரு குறிப்பிலே, பெண்கள் காற்சட்டை அணிவது தம் உரிமையை நிலைநாட்டும் அடையாளமோ எனச் சிந்திக்கிறார். பெண்ணுரிமை பற்றிய நூலெதனையும் சான்றுகாட்டாது, தம் அநுபவத்தினின்றே இம்முடிவுக்கு அவர் வந்தமை வியப்புக்குரியது.

புறநானூற்றிலே ஒக்கூர் மாசாத்தியார் பாடிய மறக்குடித் தாய், தன் ஒரே மைந்தனைத் தலைசீவி வேல் கொடுத்துச் செருமுகம் நோக்கிச் செல்கென விடுப்பாள். தமிழ் மாணவர்க்கு அத்தாய் நன்கறிமுகமானவள். லாஸ்ற் அம்மையார் அவளினும் வேறானவர். கிளிவ் விடுமுறை முடிந்து திரும்புந்தோறும் அவர் முகமலர்ந்து வழியனுப்புகிறார்; கதவு சாத்தப்பட்டபின் தாளின்மேல் அழுகிறார். மறத்தாயின் உள்ளத்தைப் புலவர் புறத்தே நின்று பாடினார். இங்கோ தாயே எழுதுகோலை ஏந்தியிருக்கிறாள். வேறுபாடு அதனால் விளைந்ததுபோலும்.

1941 ஏப்பிரில், மே மாதங்களிற் செருமானிய விமானங்கள் பாரோவைத் தாக்கின. 80 பேருக்கு மேல் மாண்டனர். பத்தாயிரத்துக்கு மேற்பட்ட வீடுகள் சேதமுற்றன. அம்மையாரின் வீடும் தப்பவில்லை; சாளரங்கள் உடைந்தன; முகட்டுச் சாந்து பெயர்ந்து வீழ்ந்தது; கதவுகள் பிளந்தன. இப்பகுதி நூலிற் தலைசிறந்தது என்பதில் ஐயமில்லை. தேர்ந்த எழுத்தாளர் பலர் இத்தகைய இடத்தில் உரத்த குரல் எடுப்பர். அம்மையாரோ கண்ணாடித் துண்டுகளைப் பெருக்குகிறார், தூசியைத் துடைக்கிறார், அன்போடு பேணிய சிறுவீடு தனக்கு நேர்ந்ததைத் தாங்காது நிற்பதாக எண்ணி அதற்கு இரங்குகிறார். வீட்டை உயிருள்ளதொன்றாகக் கொள்ளும் அவ்விரக்கம் எந்தப் புள்ளிவிபரமும் காட்டாததைக் காட்டிவிடுகிறது.

குறைகளும் உள. மைந்தர் செய்வனவெல்லாம் அவருக்குச் செம்மையாகவே தோன்றுகின்றன. அயற்பெண்கள் சிலரைப்பற்றிய தீர்ப்பு கடுமையானது. தம்மிலும் தாழ்ந்தோர் எனக் கருதியோரிடத்து ஒரு சிறு ஏளனமும் கலந்துள்ளது. எல்லாவற்றினும் பெரிய குறை கணவரைப் பற்றியது. நூல் முழுவதிலும் அவர் மௌனியாகவும், எரிச்சலுற்றவராகவும், இரவுணவு நேரத்துக்கு வருமா என்பதொன்றையே நோக்குபவராகவும் தோன்றுகிறார். அவர் தரப்பிற் பேச எவருமிலர். குண்டுவீச்சின்போது அவருக்கும் அச்சம் இருந்திருக்கும். மைந்தனைப் படைக்கு அனுப்பியவர் அவருந்தாம். அவ்வுள்ளத்தை அம்மையார் ஓரிரு இடங்களிலே எட்டிப்பார்த்துவிட்டு விலகிவிடுகிறார். நாட்குறிப்பு ஒருவர் கண்ணாற் காணும் உலகாதலின் இது தவிர்க்கவொண்ணாதது என்பர். தவிர்க்கவொண்ணாத குறையும் குறையே.

பதிப்பாசிரியர் இருவரின் பங்கும் ஆராயற்பாலது. போர்க்காலத்தில் ஏறக்குறைய 480 பேர் அனுப்பிய நாட்குறிப்புகள் நிறுவனத்திற் குவிந்தன. இன்று அவை சசெக்ஸ் பல்கலைக்கழகத்தின் பொறுப்பிலுள்ளன. அவற்றுள் அம்மையார் எழுதியது மட்டுமே பெருங்குவியல். றிச்சட் புறோட், சூசி பிளெமிங் ஆகியோர் அக்குவியலினின்று சிறுபகுதியைத் தெரிந்து நூலாக்கினர். தொடக்கத்திலே நலிந்த பெண், நடுவிலே சோதனை, முடிவிலே தன்னை உணர்ந்தவள் என நாவலுக்குரிய ஓர் ஒழுங்கு நூலில் அமைந்திருப்பதற்கு அத்தெரிவும் ஒரு காரணம். விக்டோரியா வூட் எழுதி நடித்து 2006இல் ஒளிபரப்பாகிய தொலைக்காட்சிப் படம் அவ்வொழுங்கை மேலும் செம்மைப்படுத்திற்று. படம் நன்று, நடிப்பு அதனினும் நன்று. எனினும் நாட்குறிப்பு நாடகமன்று. விடுதலையுற்ற அடுத்த வாரமே அம்மையார் பழைய சோர்வுக்குள் வீழ்வதும், மீண்டும் எழுவதும், ஒரே கருத்தைப் பத்துமுறை சொல்வதும் மூலத்தின் இயல்பு.

வெற்றி அறிவிக்கப்பட்ட நாளில், எதிர்பார்த்த களிப்பு அவருள்ளத்தில் எழவில்லை. போர் முடிந்ததும் தொண்டு நிலையங்கள் மூடப்படும். மீளவும் அந்த வீடு, அந்த மேசை, அந்த மௌனம். மல்கம்சன் தம்பதியர் பதிப்பித்து 2008இலும் 2010இலும் வெளிவந்த பிற்பகுதிகளிலே அவ்வச்சம் பொய்யாகவில்லை என்பது தெரிகிறது. முதல் நூலை மட்டும் கற்று அதனை வெற்றிக்கதையாகக் கொள்வோர் இவற்றையும் கற்றல் வேண்டும். கிளிவ் அவுஸ்திரேலியாவுக்குச் சென்று சிற்பியாகப் பெயர் பெற்றான். கணவர் உளநலிவுற்று வீட்டோடிருந்தார். அவரைப் பேணும் பொறுப்பு அம்மையாரைச் சார்ந்தது. அந்நிலையிலும் வாரந்தோறும் தாள்கள் அஞ்சலிற் சென்றவண்ணம் இருந்தன. 1966இலேதான் எழுதுவதை அவர் நிறுத்தினார், 1968இல் மறைந்தார். தம் பெயர் தாங்கிய நூலொன்றை அவர் கண்டதில்லை.