தரையூடு விழாதிருத்தல்: பொருள்களின் வலிமை பற்றிய ஒரு நூல்

எந்திரவியற் பொருள்களைப் பற்றிய நூல்களுட் பெரும்பாலானவை அட்டவணைகளை நம்பி எழுந்தவை. உருக்கின் யங்கின் மட்டு இவ்வளவு, அலுமினியத்தினது இவ்வளவு, கண்ணாடியினது இவ்வளவு என அவை நிரல்பட உரைக்கும். அவற்றைக் கற்ற மாணவன், உருக்குக்குச் சதுர மீற்றரொன்றுக்கு ஏறத்தாழ 20,000 கோடி நியூற்றன் என்று தயங்காது சொல்வான். அலுமினியத்துக்கும் கண்ணாடிக்கும் அம்மட்டு ஏறத்தாழ ஒன்றே. இரண்டுக்கும் 7,000 கோடி. அங்ஙனமாயின், கைதவறி விழுந்த அலுமினியத் தட்டு நெளிவதும் கண்ணாடித் தட்டு நொறுங்குவதும் எதனால் என்று வினவினால் அவன் வாய் திறவான். அட்டவணையும் வாய் திறவாது.

பொருள்களை வளைத்தும் முறித்தும் பாராமல் ஏடுகள் வாயிலாக மட்டும் அறிந்துகொள்ளல் கூடுமோ என்னும் ஐயம் புதியதன்று. பரிசோதனைச்சாலை வாய்க்கப்பெறாது வெளிவாரியாகப் படித்துப் பரீட்சைக்குத் தோற்றுவோருக்கு அது வெறுந் தத்துவ விசாரமுமன்று. அவர்களுக்கு ஏடே ஆசான், ஏடே பட்டறை. ஆதலின் அவ்வேடு எத்தகையதாய் இருத்தல் வேண்டும் என்பது ஆராயத்தக்கதாகும்.

இத்துறையின் முதனூல் கலிலியோவினுடையது. வீட்டுக் காவலில் இருந்த முதுமைப் பருவத்தில் அவர் எழுதிய 'இரு புதிய விஞ்ஞானங்கள்' 1638 இல் ஒல்லாந்தின் லெய்டன் நகரில் அச்சேறியது. மூவர் உரையாடலாக அமைந்த அந்நூலில் ஒரு தூணின் கதை வருகின்றது. பெரிய சலவைக்கல் தூணொன்று, முனைக்கு ஒன்றாக இரு கட்டைகளின்மேற் கிடத்தப்பட்டிருந்தது. நடுவில் முறிந்துவிடுமோ என அஞ்சிய ஒருவன் அங்கும் ஒரு கட்டையை வைப்பித்தான். சில மாதங்கள் கழியத் தூண் அந்த நடுக்கட்டைக்கு மேலேயே முறிந்தது. முனைக்கட்டைகளுள் ஒன்று உக்கித் தாழ்ந்தது. நடுக்கட்டையோ உறுதியாய் நின்றது. தூணிற் பாதி தாங்குவாரின்றித் தன் பாரத்தாலேயே ஒடிந்தது. காப்பென்று வைத்தது கேடாய் முடிந்தது. இக்கதையைப் படித்தவன் தாங்கி என்றால் என்ன என்பதை இலகுவில் மறவான்.

ஆயினும் கலிலியோவின் கணிப்பு பிழையானது. சுவரிற் செருகிய வளையொன்று எவ்வளவு பாரம் தாங்கும் என நோக்கியபோது, குறுக்குவெட்டு முழுவதும் ஒரே அளவாய் இழுபடுவதாகவும் கீழ்விளிம்பு சுழலிடமாவதாகவும் அவர் கொண்டார். உண்மையில் மேற்பாகம் இழுவையையும் கீழ்ப்பாகம் நெருக்கலையும் ஏற்பதால், அவர் கண்ட விடை மீள்தன்மைக் கொள்கை தரும் விடையின் மும்மடங்காயிற்று. பின்னெழுந்த பாடநூல்களில் அப்பிழை இல்லை. ஆனால் அத்தூணும் இல்லை. எண்கள் திருந்திய காலத்திலே வினாக்கள் மறைந்துபோயின.

மறைந்த வினாக்களை மீட்டுத் தந்தவர் ஜே. ஈ. கோர்டன் என்னும் ஆங்கிலேயர் (1913-1998). கிளாஸ்கோவிற் கப்பற்கட்டடக் கலை பயின்று, இரண்டாம் உலகப் போர்க்காலத்திற் பான்பரோ விமான ஆய்வு நிலையத்திலே பணிபுரிந்து, பின்னர் றெடிங் பல்கலைக்கழகத்திற் பேராசிரியராய் அமர்ந்தவர். அவர் பொதுமக்களுக்கென எழுதிய நூல் 1968 இல் பெங்குவின் நிறுவனத்தாரின் மலிவுப் பதிப்பு வரிசையில் வெளிவந்தது. 'வலிய பொருள்களின் புதிய விஞ்ஞானம், அல்லது நீங்கள் ஏன் தரையூடு விழுவதில்லை' என்பது அதன் பெயர். அத்தியாயத் தலைப்புகளும் அவ்வாறே 'அல்லது' என்று இரண்டாகப் பிரிந்து, முற்பாதி பேராசிரியராகவும் பிற்பாதி விகடகவியாகவும் பேசும்.

தலைப்பிலுள்ள வினா விளையாட்டு வினாவன்று. நிற்பவனின் நிறைக்குச் சமமான விசையோடு தரை அவனை எதிர்த்துத் தள்ளுகின்றது என நியூற்றனின் மூன்றாம் விதியை யாவரும் ஒப்புவிப்பர். பூனை நின்றாற் பூனையளவும் யானை நின்றால் யானையளவும் தள்ளவேண்டும் என்பதை உயிரற்ற தரை எவ்வாறு அறிந்தது? நூற்றாண்டுகளுக்கு முன் ஹூக் கண்டதும் கோர்டன் தெளிவுற விளக்குவதும் இதுவே: தரை தாழ்ந்தே தாங்குகின்றது. பாரம் ஏற ஏறப் பொருளின் அணுக்களுக்கிடையேயுள்ள பிணைப்புகள் விற்சுருள் போலச் சுருங்கியும் நீண்டும் எதிர்விசையைப் பிறப்பிக்கின்றன. சிறிதும் உருமாறாத பொருள் எதனையும் தாங்காது. இவ்வொரு கருத்துக்காகவே நூலை வாங்கலாம்.

தகைப்பையும் விகாரத்தையும் வேறுபடுத்திக் காட்டுவதற்கு ஆசிரியர் பெரிதும் முயல்கின்றார். ஆங்கிலப் பேச்சு வழக்கில் அவ்விரு சொற்களும் மயங்கிக் கிடப்பதே காரணம். தமிழ் மாணவனுக்கு அவ்விடர் இல்லை. விகாரம் என்ற சொல்லை அவன் நன்னூலிலேயே சந்தித்திருக்கின்றான்: தோன்றலும் திரிதலும் கெடுதலுமாகச் சொல்லின் உரு மாறுதல் அங்கே விகாரம், பாரத்தாற் பொருளின் உரு மாறுதல் இங்கே விகாரம். கலைச்சொல் ஆக்கியோரைக் குறை கூறுவது வழக்கமாகிவிட்ட காலத்தில் இதனையும் சொல்லிவைத்தல் தகும்.

நூலின் உயிர்நிலை கண்ணாடி பற்றிய பகுதியாகும். அணுப் பிணைப்புகளின் வலிமையைக் கொண்டு கணித்தால், கண்ணாடி இப்போதுள்ளதைப் போலப் பன்மடங்கு வலியதாய் இருத்தல் வேண்டும். இருப்பதில்லை. ஏன்? 1913 இல் இங்கிலிஸ் என்பார் கப்பல்களின் தளத்திலுள்ள திறப்புகளை ஆராய்ந்து, துளையின் ஓரத்திலே தகைப்பு குவிகின்றது எனக் காட்டினார். வட்டத் துளையாயின் மும்மடங்கு. நீண்டு கூர்மையான வெடிப்பாயின் நூறு மடங்குக்கு மேலும் ஏறலாம். ஆயின் ஒவ்வொரு கீறலும் ஒவ்வொரு பொருளையும் பிளந்துவிட வேண்டுமே! அவ்வாறு பிளப்பதில்லை. இம்முடிச்சை 1920 இல் அவிழ்த்தவர் பான்பரோவிற் பணிபுரிந்த கிரிபித். வெடிப்பு நீள்வதற்குப் புதிய மேற்பரப்புகள் உண்டாதல் வேண்டும். அதற்குச் சக்தி செலவாகும். வெடிப்பு நீளும்போது இறுகியிருந்த பொருள் தளர்ந்து சக்தியை விடுவிக்கும், அது வரவு. வரவு செலவை விஞ்சும் நீளத்தை எட்டும்வரை வெடிப்பு அடங்கிக் கிடக்கும். எட்டியபின் அதனைத் தடுப்பாரில்லை. கடன் வாங்கியவனின் வட்டிக் கணக்கைப் போன்றது இது.

கிரிபித் கண்ணாடி இழைகளை இழுத்து அறுத்துப் பார்த்தார். ஒரு மில்லிமீற்றர் அளவு தடித்த இழை சதுர அங்குலத்துக்கு ஏறத்தாழ 25,000 இறாத்தலில் அறுந்தது. ஆயிரத்தின் மூன்று கூறு மில்லிமீற்றர் அளவே தடித்த மெல்லிழை அதைப்போல ஏறத்தாழ 20 மடங்கு தாங்கியது. மெல்லியதில் பெரிய கீறலுக்கு இடமில்லை என்பதே அவர் தந்த விளக்கம். கண்ணாடி வெட்டும் தொழிலாளி இந்த நுட்பத்தைக் கையால் அறிவான். தட்டின்மேல் மெல்லிய ஒரு கோட்டைக் கீறி, இரு பக்கமும் பிடித்துச் சிறிது வளைப்பான். கோட்டு வழியே அது பிரியும்.

இவ்வறிவு ஏட்டளவில் நின்றமையால் நேர்ந்த இழப்பு சிறிதன்று. 1943 சனவரியில், அமெரிக்காவின் போட்லண்டுத் துறையில் அமைதியான நீரிற் கட்டப்பட்டிருந்த 'ஸ்கெனெக்டடி' என்னும் புத்தம் புதிய எண்ணெய்க் கப்பல் ஏறக்குறைய இரண்டாகப் பிளந்தது. 1954 இல் சில மாத இடைவெளியில் இரண்டு கொமெற் விமானங்கள் நடுவானிற் சிதைந்து 56 பேர் மாண்டனர். விமானக் கூட்டிலிருந்த திறப்பொன்றின் ஓரத்திலே, அமுக்கம் ஏறியும் இறங்கியும் உலோகம் களைத்துப்போக, வெடிப்பு வளர்ந்தமை பான்பரோவில் நடந்த ஆய்வினாற் புலனாயிற்று. கிரிபித் கண்ணாடி இழைகளை அறுத்துப் பார்த்ததும் அதே நிலையத்திலேதான்.

ஆனால் இவ்விடத்திற் கோர்டனின் தீர்ப்பை அப்படியே ஏற்றல் இயலாது. கிரிபித்தைப் புறக்கணித்த எந்திரவியலாரை அவர் எள்ளுகின்றார். எள்ளல் சுவையானது, நீதியானது அன்று. கண்ணாடிக்குச் செய்த கணிப்பு உருக்குக்கு நேரே பொருந்தாது. உருக்கு பிளக்கும்போது வெடிப்பின் நுனியருகே உலோகம் இழுபட்டு நெளிவதிற் செலவாகும் சக்தி, மேற்பரப்புக்கு வேண்டிய சக்தியினும் பல்லாயிரம் மடங்கு. அதனையும் செலவுப் பக்கத்திற் சேர்த்துக் கொள்கையை விரித்தவர்கள் ஒறோவானும் ஏர்வினும். அது 1940களின் இறுதியில் நிகழ்ந்தது. அதுவரை எந்திரவியலார் கையிற் கருவி இருக்கவில்லை என்பதே உண்மைக்கு அணித்தாகும்.

மரம் பற்றிய அத்தியாயங்களிற் கோர்டன் தம் காதலை மறைக்கவில்லை. போர்க்காலத்து மரக் கிளைடர்களோடும் அவற்றை ஒட்டிய பசைகளோடும் பழகியவர் அவர். பாலிலிருந்து செய்த கேசீன் பசை ஈரம் பட்டால் நலிந்துவிடும் என்பதை அவர் கூறும் விதம், இரசாயன நூலிற் கிடையாதது. ஒரே விறைப்புள்ள இரு வளைகளை ஒப்பிட்டாற் பொதுவான மரத்தாற் செய்த வளை உருக்கு வளையின் நிறையில் மூன்றிலொரு பங்களவே இருக்கும். இக்கணக்கை அறிந்தவன் மரத்தைப் பழங்காலப் பொருளென இகழான். வயிரமேறிய பனஞ்சிலாகையைக் கூரையிற் கண்டு வளர்ந்த யாழ்ப்பாணத்து மாணவனுக்கு இப்பகுதி தன் வீட்டைப் பற்றியதாகவே தோன்றும். பனையின் கரிய நார்க்கட்டுகள் புறத்தே செறிந்தும் அகத்தே அருகியும் இருப்பது, வளைதலை எதிர்க்கும் தண்டுக்கு ஏற்ற அமைப்பு. வெடிப்பின் வழியிலே வலிகுறைந்த இடைமுகம் ஒன்று குறுக்கிட்டால் அது முன்னரே பிரிந்து வெடிப்பை மழுக்கிவிடும் எனக் கோர்டனும் குக் என்பாரும் 1964 இல் எழுதியதைப் படித்தபின், மரத்தைக் குறுக்கே வெட்டுவதினும் நெடுக்கே பிளப்பது ஏன் எளிது என்பதும் விளங்கும்.

மரத்தின்பாற் சென்ற மனம் உலோகத்துக்கு வந்ததும் விரைகின்றது. பளிங்கு அடுக்கிலுள்ள வரிசைப் பிறழ்வுகள் நகர்வதால் உலோகம் நெளிகின்றது என்பதை அவர் அழகாக உரைக்கின்றார். எனினும் இரும்பும் உருக்கும் ஒரே அத்தியாயத்துள் அடங்கிவிடுகின்றன. அவர் ஆர்வத்தோடு விவரித்த நுண்மயிர்ப் பளிங்குகள் விமானங்களைக் கட்டவில்லை. 2011 இற் சேவைக்கு வந்த போயிங் 787 இன் நிறையிற் பாதியளவான கூட்டுப்பொருளிற் பெரும்பங்கு காபன் இழையாலானது. திசை சரி, வாகனம் வேறு.

இவற்றினும் பெரிய குறை வேறொன்று. கோர்டன் மிக நன்றாக எழுதுகின்றார். சிரித்துக்கொண்டே படித்து முடித்தவன் எல்லாம் அறிந்துவிட்டதாக எண்ணுவான். நூலிற் பயிற்சிக் கணக்குகள் இல்லை. பின்னிணைப்பிலே வளைகளுக்கான சில சூத்திரங்கள் உண்டு. படித்தவன் ஒரு கணக்கையேனும் தானே செய்து பார்த்தல் வேண்டும். கண்ணாடியின் மேற்பரப்புச் சக்தியைச் சதுர மீற்றருக்கு ஒரு யூல் எனவும், கீறலின் ஆழத்தை ஆயிரத்திலொரு மில்லிமீற்றர் எனவும் கொள்க. மட்டையும் சக்தியையும் பெருக்கி இரட்டித்து, பையாலும் ஆழத்தாலும் வகுத்து, வர்க்கமூலம் காண்க. சதுர மீற்றருக்கு ஏறத்தாழ 21 கோடி நியூற்றன் வரும். கிரிபித்தின் தடித்த இழை அறுந்த தகைப்பு இதே அலகில் ஏறத்தாழ 17 கோடி. கண்ணுக்குப் புலனாகாத அக்கீறலை உயர்தர வகுப்பு மாணவன் ஒரு தாளிலே கண்டுவிட்டான், பரிசோதனைச்சாலை வேண்டியிருக்கவில்லை.

1978 இல் வெளிவந்த கோர்டனின் மற்றொரு நூல், பாலங்களையும் வில்வளைவுகளையும் கப்பல்களையும் எடுத்துக்கொண்டு, பொருள்களிலிருந்து அமைப்புகளுக்குச் செல்கின்றது. முதனூலை முடித்தவர், ஆஷ்பியும் ஜோன்சும் 1980 இல் வெளியிட்ட 'எந்திரவியற் பொருள்கள்' என்னும் பாடநூலையும் அதனோடு வைத்துப் படித்தல் நன்று. அதில் விகடம் இல்லை, கணக்குகள் உண்டு. அட்டவணைகளும் உண்டு, ஆனால் எந்த எண் எந்த வினாவுக்கு விடை என்பது அங்கே சொல்லப்பட்டிருக்கின்றது.