“கொல்லணும்னு நினைக்கலையே!” – சட்டம் இன்னும் சரியாக எழுதாத ஒரு கோடு

வரப்புத் தகராறு. வாய்ச்சண்டை முற்றி, ஒருவர் கையில் கிடைத்த கட்டையால் பக்கத்து வயல்காரர் தலையில் ஓங்கி அடித்துவிடுகிறார். மூன்றாம் நாள் அடிபட்டவர் ஆஸ்பத்திரியில் இறந்துபோகிறார். இது கொலையா?

டீக்கடையில் கேட்டால் பதில் தயாராக இருக்கும்: “திட்டம் போட்டுச் செஞ்சா கொலை. ஆத்திரத்துல செஞ்சா கொலை இல்ல. அவன் கொல்லணும்னு நினைக்கலையே!” சினிமா கோர்ட் காட்சிகளும் இதைத்தான் நமக்குச் சொல்லிக் கொடுத்திருக்கின்றன.

சட்டம் அப்படிச் சொல்லவில்லை. ஆனால் தான் சொல்வதைத் தெளிவாகவும் சொல்லவில்லை. என் குறை இந்த இரண்டாவது விஷயத்தின் மேல்தான்.

1860-ஆம் ஆண்டின் இந்திய தண்டனைச் சட்டத்தில் 299-ஆவது பிரிவு ‘மரணம் விளைவிக்கும் குற்றம்’, 300-ஆவது பிரிவு ‘கொலை’. 2024 ஜூலை 1 முதல் நடைமுறையில் இருக்கும் பாரதிய நியாய சன்ஹிதாவில் இவை 100, 101. முதலாவதை ஒரு பெரிய வட்டம் என்று வைத்துக்கொள்ளுங்கள். கொலை அதற்குள் இருக்கும் சின்ன வட்டம். உள்வட்டத்தில் விழுந்தால் ஆயுள் அல்லது தூக்கு, அதற்குக் குறைந்த தண்டனையே கிடையாது. வெளிவட்டத்தோடு நின்றுவிட்டால் சில வருஷங்களில் வீடு திரும்பவும் வழி உண்டு. ஆக, கோட்டை எங்கே போடுகிறோம் என்பது அடித்தவரின் மீதி வாழ்க்கை. செத்தவரின் வீட்டாருக்கோ, நியாயம் கிடைத்ததா இல்லையா என்ற கேள்வி.

உள்வட்டத்துக்கு நான்கு வாசல்கள். கொல்லும் எண்ணம் என்பது முதல் வாசல் மட்டுமே. தகராறெல்லாம் மூன்றாவது வாசலில்தான். அது கேட்பது இது: ஒரு காயத்தை உண்டாக்க வேண்டுமென்றே செய்தாரா? அந்தக் காயம் இயற்கையின் வழக்கமான போக்கில் மரணத்தை உண்டாக்கப் போதுமானதா? இரண்டுக்கும் ஆம் என்றால் கொலை. சாகடிக்கும் எண்ணம் இல்லாவிட்டாலும் கொலைதான் என்று அந்தப் பிரிவின் உதாரணமே சொல்கிறது. இதற்குப் பக்கத்தில் வெளிவட்டத்தின் வாசகத்தை வைத்துப் பாருங்கள்: ‘மரணத்தை உண்டாக்கக்கூடிய’ காயம். ‘உண்டாக்கக்கூடிய’ என்பதற்கும் ‘உண்டாக்கப் போதுமான’ என்பதற்கும் எத்தனை அங்குல வித்தியாசம்? சட்டம் சொல்லவில்லை.

1876-இல் பம்பாய் உயர் நீதிமன்றத்துக்கு வந்த கோவிந்தா வழக்கு. பதினெட்டு வயதுக் கணவன், பதினைந்து வயது மனைவி. அவளை உதைத்துக் கீழே தள்ளி, நெஞ்சில் முழங்காலை வைத்து முகத்தில் குத்துகிறான். மூளையில் ரத்தம் கசிந்து அவள் இறந்துபோகிறாள். நீதிபதி மெல்வில் இரண்டு பிரிவுகளையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்து, வேறுபடும் சொற்களுக்கு அடிக்கோடு போட்டார். மரணத்துக்கு எவ்வளவு சாத்தியம் என்பதே வித்தியாசம் என்றார். ஆயுதமில்லாத கை, எனவே கொலை இல்லை என்று முடித்தார்.

1958-இல் விர்சா சிங் வழக்கு. வயிற்றில் ஒரே ஒரு ஈட்டிக் குத்து. கொல்லும் எண்ணம் நிரூபிக்கப்படவில்லை. நீதிபதி விவியன் போஸ் சொன்னதன் சாரம்: அந்தக் குத்தை அவன் வேண்டுமென்றே குத்தினானா என்பதுதான் எண்ணம் பற்றிய கேள்வி. அது சாவதற்குப் போதுமானதா என்பது அவன் மனசுக்குள் தேட வேண்டிய விஷயமே இல்லை. வெளியிலிருந்து அளக்க வேண்டியது. தீர்ப்பு: கொலை.

1976-இல் புன்னய்யா வழக்கு. ஆந்திராவில் ஊர்க் கோஷ்டிப் பகை. கனமான தடிகளால் ஒருவரைக் கையிலும் காலிலும் மட்டும் அடித்தார்கள். பத்தொன்பது காயங்கள். உயிர் நிலையில் அடிக்கவில்லையே என்பது வாதம். உயர் நீதிமன்றம் கொலை இல்லை என்றது. உச்ச நீதிமன்றம் கொலைதான் என்றது. அதே காயங்கள், அதே சட்டம், இரண்டு பதில்கள்.

சரி, ஆத்திரம்? அது விதிவிலக்குகளில் வருகிறது. திடீர்ச் சண்டைக்கும் கடுமையான ஆத்திரமூட்டலுக்கும் சட்டம் இடம் கொடுக்கிறது, நிபந்தனைகளோடு. நானாவதி வழக்கில், மனைவி உண்மையைச் சொன்னதற்கும் துப்பாக்கி வெடித்ததற்கும் நடுவில் கிடைத்த சில மணி நேரமே அந்த விதிவிலக்கை மூடிவிட்டது. நம் வரப்புத் தகராறுக்காரரும் இந்தக் கதவைத் தட்டலாம். ஆனால் கீழே விழுந்தவரை மேலும் மேலும் அடித்திருந்தால், கொடூரமாக நடந்துகொண்டார் என்று அதுவும் மூடிக்கொள்ளும்.

இப்போது விமர்சனத்துக்கு வருகிறேன். போஸின் சோதனையில் கடைசிப் படி வெளியிலிருந்து அளப்பது என்றால், அளப்பது யார்? நடைமுறையில் பிரேதப் பரிசோதனை செய்த டாக்டர். கூண்டில் ஏறும் அவரிடம் அரசு வக்கீல் கேட்கிறார்: “இந்தக் காயம் வழக்கமான போக்கில் மரணத்தை உண்டாக்கப் போதுமானதா?” “போதுமானது.” அந்த ஒரு சொல்லுக்கு ஒரு ஆயுள். ‘போதுமானது’ என்பது மருத்துவச் சொல்லா, சட்டச் சொல்லா? மருத்துவப் புத்தகத்தில் அதற்கு அளவுகோல் எதுவும் இல்லை. குறுக்கு விசாரணையில் அதை நோண்டத் தெரிந்த வக்கீல் கிடைத்தவர் தப்பிக்கிறார். கிடைக்காதவர் உள்ளே போகிறார்.

இதைக் கண்டுபிடிக்க 2023 வரை காத்திருக்கத் தேவையில்லை. இந்த வரையறைகள்தான் அந்தச் சட்டத்தின் மிகப் பலவீனமான பகுதி என்று ஜேம்ஸ் ஃபிட்ஸ்ஜேம்ஸ் ஸ்டீபன் பத்தொன்பதாம் நூற்றாண்டிலேயே எழுதிவிட்டார். புதிய சட்டம் எழுதியவர்கள் தண்டனையைத் தொட்டார்கள்: கொலை ஆகாத மரணம் எண்ணத்தோடு விளைவிக்கப்பட்டிருந்தால், அதற்குக் குறைந்தபட்சம் ஐந்து வருஷம் என்று 105-ஆவது பிரிவில் சேர்த்தார்கள். வரையறையை மட்டும் அப்படியே தூக்கி வைத்துவிட்டார்கள். நம்பர் மாறியது, குழப்பம் மாறவில்லை.

இதற்கு ஒரு நியாயமான பதிலும் உண்டு. கோடு தெளிவில்லாமல் இருப்பதால்தான் நீதிபதிக்கு இரக்கம் காட்ட இடம் கிடைக்கிறது என்பார்கள். ஒத்துக்கொள்கிறேன், இரக்கம் வேண்டும். ஆனால் அதற்கான இடம் தண்டனை. கொலைக்கு ஆயுளுக்குக் கீழே எதுவும் இல்லை என்று கட்டிப்போட்டுவிட்டதால், இரக்கப்படும் நீதிபதி குற்றத்தின் பெயரையே மாற்ற வேண்டியிருக்கிறது. அப்படி மாற்றிய ஒவ்வொரு தீர்ப்பும் அடுத்த வழக்குக்கு முன்மாதிரி ஆகிக் கோட்டை இன்னும் கலைக்கிறது.

மெல்வில் அடிக்கோடிட்ட அந்தச் சாத்தியத்தின் அளவைச் சட்டத்துக்குள்ளேயே எழுதியிருக்கலாம்: சாவு நேரலாம் என்றால் இது, பெரும்பாலும் நேரும் என்றால் அது என்று. ஒரு விளக்கவுரை போதும். அதுவரை “கொல்லணும்னு நினைக்கலையே” என்று சொல்பவருக்கு நாம் சொல்லக்கூடியது இவ்வளவுதான்: சட்டம் உங்களிடம் கேட்கும் கேள்வி அது இல்லை. கேட்கும் கேள்விக்கான பதிலோ உங்கள் கையிலும் இல்லை.