அசைவே அவருடைய மூலப்பொருள்

லென் லையைப் பற்றிப் பேசுகிறவர்கள் அவருடைய கலைவாழ்வை இரண்டாகப் பிரித்துவிடுவது வழக்கம்: முற்பகுதியில் பரீட்சார்த்த சினிமாக் கலைஞர், பிற்பகுதியில் சிற்பி. 1901-ல் நியூசிலாந்தின் கிறைஸ்ட்சர்ச்சில் பிறந்து, லண்டனிலும் நியூயார்க்கிலும் பணியாற்றி, 1980-ல் மறைந்தவர் அவர். ஊரும் ஊடகமும் மாறியது உண்மைதான். ஆனால் ஓவியருக்கு வண்ணம் எப்படியோ, லைக்கு அசைவு அப்படி. அந்த ஒரே பொருளைத்தான் அவர் கடைசிவரை கையாண்டார் என்பதற்கு அவருடைய படைப்புகளே சாட்சி.

பிரிட்டிஷ் அஞ்சல் துறையின் திரைப்படப் பிரிவுக்காக 1935-ல் அவர் செய்த 'எ கலர் பாக்ஸ்' படத்தில் கேமராவுக்கு வேலையே இல்லை. ஃபிலிம் சுருளின் மீதே வண்ணம் தீட்டினார். சுருளின் நீளவாக்கில் இழுத்த கோடு, சட்டகத்துக்குச் சட்டகம் இம்மியளவு விலகி நிற்கிறது. புரொஜெக்டரில் ஓடும்போது அந்த விலகலே துடிப்பாகிறது. கியூப நடன இசையோடு சேர்ந்து கோடுகள் ஆடத் தொடங்குகின்றன. 1958-ன் 'ஃப்ரீ ராடிகல்ஸ்' இன்னும் துணிச்சலானது. வண்ணத்தையும் துறந்து, கறுப்பு ஃபிலிமை ஊசிகளால் கீறினார். ஆப்பிரிக்கத் தாளத்துக்கு ஏற்ப வெண்கீறல்கள் முறுக்கிக்கொண்டு, தம் அச்சில் தாமே சுழல்வதுபோல் தோன்றுகின்றன. தட்டையான திரையில் ஆழம் பிறக்கிறது. அந்தக் கீறலுக்கு எடையும் ஓசையும் கொடுத்தால் என்ன ஆகும் என்பதற்கு விடை 'பிளேடு' சிற்பம். அதில் நிமிர்ந்து நிற்கும் உலோகத் தகடு ஒன்று மோட்டாரின் விசையில் வளைந்து அதிர்ந்து, அருகிலுள்ள பந்தில் மோதி ஒலிக்கிறது. திரையில் நெளிந்த கோடுதான் இங்கே உலோகமாக நிற்கிறது.

'எ கலர் பாக்ஸ்' பார்சல் கட்டணத்துக்கான விளம்பரம்தானே, அதைக் கலை என்பதா என்று கேட்கலாம். அஞ்சல் துறையின் செய்தி படத்தின் இறுதியில்தான் வருகிறது. அந்த எழுத்துகளும் வண்ணங்களின் ஆட்டத்தில் கலந்துகொள்கின்றன. பணம் கொடுத்தவரின் தேவை படத்தின் வடிவத்தைத் தீர்மானிக்கவில்லை. இதைவிட வலுவான மறுப்பு ஒன்று உண்டு: படமெடுக்கப் பணம் கிடைக்காத கசப்பில்தான் அவர் சிற்பத்துக்குப் போனார், ஆகவே அது தொடர்ச்சி அல்ல, மாற்று ஏற்பாடு. பணமுடை உண்மை. ஆனால் வறுமை ஒருவரை ஓர் ஊடகத்திலிருந்து விரட்டலாமே தவிர, அடுத்த ஊடகத்தில் எதைத் தேடுவது என்று சொல்லித்தராது. அசைவைக் கலையாக அமைக்க வேண்டும் என்ற எண்ணம், படமெடுக்க வருமுன்பே, நியூசிலாந்து இளமையிலேயே அவருக்கு வந்துவிட்டது. சினிமா அதற்குக் கிடைத்த முதல் பெரிய வழி, உலோகம் அடுத்தது.

அவர் வடிவமைத்து, அவர் மறைவுக்குப் பின் நியூசிலாந்தின் நியூ பிளைமவுத் கடற்கரையில் எழுந்த உயரமான 'விண்ட் வாண்ட்' சிற்பம் காற்றில் வளைந்தாடுகிறது. அதை நிறுவியவர்கள் வேறு பொறியாளர்கள் என்பதால் அது அவருடையதல்ல என்று சொல்ல முடியாது. இசையமைப்பாளர் இல்லாதபோதும் அவருடைய இசையைப் பிறர் வாசிக்கிறார்கள். அசைவை அமைத்தவருக்கும் அந்த உரிமை உண்டு. ஆகவே லையின் படங்களைத் திரையரங்கிலும் சிற்பங்களைக் கூடத்திலும் தனித்தனியே பார்ப்பது பாதி ரசனைதான். இரண்டையும் அடுத்தடுத்துப் பார்ப்பவருக்கே அவர் முழுமையாகக் கிடைப்பார்.