மயிற்பீலியும் முதியவளின் அழுகையும்: இலவணன் கதை மறுவாசிப்பு

கனவுலகைச் சிறிது காலத்திற்கு மாற்றியமைக்கும் மாயக்கலையை இலக்கியங்கள் பலவாறு புனைந்துள்ளன. அவற்றுள் யோகவாசிட்டத்தின் உற்பத்திப் பிரகரணத்தில் வரும் இலவண மன்னன் கதை தனித்து நோக்கத்தக்கது. இந்நூலின் முந்தைய வடிவம் ஏறக்குறைய 10ஆம் நூற்றாண்டில் காசுமீரத்தில் தோன்றிய மோட்சோபாயம் என்பது அண்மைக்கால ஆய்வாளர் கருத்து. தமிழில் வீரை ஆளவந்தார் இயற்றிய ஞானவாசிட்டத்தின் வழியாக இக்கதை நமக்கு நெடுங்காலமாக அறிமுகமாகியுள்ளது.

கதையைச் சுருங்கக் கூறுவோம். இலவணனின் அவைக்கு வந்த இந்திரசாலக்காரன் ஒருவன் மயிற்பீலிக் கற்றையைச் சுழற்றுகிறான். அவைக்குக் கொண்டுவரப்பட்ட குதிரையை நோக்கிய மன்னன் சிலைபோல் அசைவற்று இருந்துவிடுகிறான். கண்விழித்தபின் தான் கண்டதைக் கூறுகிறான். குதிரை அவனை நெடுந்தொலைவு சுமந்துசென்று காட்டில் விட்டது. பசியால் வாடியவன் எதிரே உணவு சுமந்துவந்த பெண்ணொருத்தியிடம் இரந்தான். தன்னை மணந்தால் உணவு தருவதாக அவள் கூற, அவன் இசைந்தான். சண்டாளர் எனப்பட்ட அம்மக்களோடு பல்லாண்டு வாழ்ந்து பிள்ளைகளையும் பெற்றான். கொடும் பஞ்சம் வந்தது. பசியால் அழுத இளைய மகனுக்குத் தன் ஊனையே உணவாக்கத் துணிந்து தீமூட்டிப் புகமுனைந்த கணத்தில் அவையில் விழித்தெழுந்தான். அவையில் கழிந்ததோ சிறிது பொழுதே. மாயக்காரனும் மறைந்துவிட்டான்.

இதனோடு கதை முடிந்திருந்தால் ‘உலகம் பொய்’ என்னும் வழக்கமான விளக்கம் போதுமானதாக இருந்திருக்கும். வகுப்பறைகளில் நாம் பெரும்பாலும் இவ்வளவில் நிறுத்திக்கொள்கிறோம். ஆனால் மறுநாள் மன்னன் விந்தியக் காட்டிற்குச் செல்கிறான். தான் வாழ்ந்த ஊரை அங்கே கண்ணெதிரே காண்கிறான். மகளையும் மருமகனையும் பேரப்பிள்ளைகளையும் இழந்த முதியவள் ஒருத்தி அங்கே புலம்பிக்கொண்டிருக்கிறாள். கனவில் தன் மாமியாராக இருந்தவளே அவள்!

கனவு வெறும் பொய்யெனில் அழுவதற்கு அங்கே ஒருத்தி எஞ்சியிருப்பது எவ்வாறு? வசிட்டர் இதற்கு ஒரே விடை தரவில்லை என்பது ஈண்டுக் கருதத்தக்கது. மன்னன் உள்ளத்தில் தோன்றியது அம்மக்கள் உள்ளத்திலும் பிரதிபலித்திருக்கலாம். அன்றிக் காக்கை அமரப் பனம்பழம் வீழ்ந்ததுபோல் இரண்டும் தற்செயலாக ஒத்திருக்கலாம் என்கிறார். தாம் அவ்வவையில் இருந்து நேரில் கண்டதாகவும் கூறுகிறார். கண்டவரே ஒரு முடிவில் நிலைக்காதபோது, உரை கூறும் நாம் விரைந்து முடிவுகட்டுதல் பொருந்துமா? வெண்டி டோனிகர் 1984இல் வெளியிட்ட கனவும் மாயையும் பற்றிய நூலில் இக்கதையை விரிவாக ஆராய்ந்துள்ளார். கனவுக்கும் நனவுக்கும் இடைப்பட்ட எல்லை குறித்த அத்தகைய ஆராய்ச்சி பயனுடையதே. எனினும் நம் கவனம் வேறொன்றில் நிற்கிறது.

இம்மாயம் நிகழ்ந்ததற்கு நூல் ஒரு காரணம் கூறுகிறது. இலவணன் இராசசூய வேள்வியை மனத்தளவில் செய்துமுடித்தான். அவ்வேள்வி செய்தோர் துன்பம் நுகர்தல் வேண்டும் என்பது விதி. மனத்தால் செய்த வேள்விக்கு மனத்தாலேயே துன்பம் தரவே இந்திரன் தன் தூதனை மாயக்காரன் வடிவில் அனுப்பினான் என்பர். கணக்கு நேராகத்தான் இருக்கிறது. ஆனால் அத்துன்பத்திற்கு நூல் தேர்ந்தெடுத்த வடிவம் எது? ஒடுக்கப்பட்ட மக்களின் வாழ்வு. உபசமப் பிரகரணத்தில் வரும் காதி என்னும் அந்தணனின் மாயக்கனவிலும் இதே பிறப்புத்தான் இழிவின் எல்லையாக வைக்கப்படுகிறது. ஒருமுறையெனில் தற்செயல் எனலாம். இருமுறை வருவதை அவ்வாறு கடந்துவிட நம்மால் இயலவில்லை. மன்னனுக்குத் தண்டனையாக அளவிட்டுத் தரப்பட்ட வாழ்வு அம்மக்களுக்கு விழித்தெழ வழியற்ற அன்றாட வாழ்வு. பீலியைச் சுழற்றி அவர்களை மீட்க எவரும் வரவில்லை.

2010இல் வெளிவந்த ‘இன்செப்சன்’ திரைப்படத்தை இக்கதையோடு ஒப்பிடுவோர் உளர். அப்படத்தில் கனவுலகைத் திட்டமிட்டு வடிவமைக்கின்றனர். தான் காண்பது கனவா என்னும் ஐயம் நாயகனை வருத்துகிறது. கனவிற்குள் வாழும் பிறர் அங்கே பெரும்பாலும் நிழல்களே. யோகவாசிட்டத்தின் ஆசிரியரோ அந்நிழல்களுள் ஒருத்திக்குப் புலம்பும் குரலைக் கொடுத்திருக்கிறார். அவர் கொள்கை அதனைக் கோரவில்லை, கவியுள்ளம் கோரியிருக்கிறது. கொள்கையைவிடக் கவிதை நேர்மையாக நடந்துகொண்ட இடம் இது என்போம்.

மன்னன் அம்முதியவளுக்கு வேண்டியன உதவி, அவளைத் தேற்றிவிட்டு நகர் திரும்புகிறான். திரும்பியவன் முனிவரிடம் கேட்டது, கனவு நனவில் தோன்றியது எவ்வாறு என்பதே. அவன் ஐயம் தீர்ந்தது. பஞ்சம் பட்ட அவ்வூரைப் பற்றி அவன் வினவவில்லை.